குடும்பத்தோடு ஊர் மாறுகிறீர்களா? பெட்டி கட்டுவதற்கு முன் இதைப் படியுங்கள்

ஊர் மாறுவது என்றதும் பெட்டி, டிக்கெட், வாடகை வீடு என்றுதான் அலைவோம். அதெல்லாம் எப்படியும் முடிந்துவிடும். ஆனால் வீட்டில் நான்கு பேர் இருந்தால் புது இடம் நான்கு பேருக்கும் ஒரே வேகத்தில் பழகாது, சண்டை ஆரம்பிப்பது அங்கேதான்.

1967-ல் ஹோம்ஸ், ராஹே என்ற இரண்டு மனநல மருத்துவர்கள் வாழ்க்கையில் வரும் மாற்றங்கள் ஒவ்வொன்றும் எவ்வளவு மன அழுத்தம் தரும் என்று மதிப்பெண் போட்டு ஒரு பட்டியல் வெளியிட்டார்கள். அதில் வீடு மாறுவதற்கு வெறும் 20 தான். ஆனால் வீடு மட்டும் தனியாகவா மாறுகிறது? பள்ளி மாறினால் 20, வேறு வகை வேலைக்குப் போனால் 36, கணவனோ மனைவியோ வேலையை விட்டால் 26. கூட்டிப் பாருங்கள், 102. துணையைப் பறிகொடுப்பதற்கே அவர்கள் போட்டது 100. அதனால் முதல் வேலை, இதில் எதைத் தள்ளிப்போடலாம் என்று உட்கார்ந்து பேசுவது. கல்வியாண்டு முடியும்வரை பொறுக்க முடியுமா? ஒருவராவது பழைய வேலையைக் கொஞ்ச நாள் தூரத்திலிருந்து பார்க்க முடியுமா?

பிள்ளைகளிடம் முடிவு எடுத்த அன்றே சொல்லிவிடுங்கள், அடுத்தவர் வாயால் தெரிய வேண்டாம். புது மொழி பேசும் இடமென்றால் ஒன்றை மனதில் வையுங்கள்: விளையாட்டு மைதானத்துப் பேச்சு இரண்டு வருடத்துக்குள் வந்துவிடும், பாடப் புத்தக மொழிக்கு 5 முதல் 7 வருடம்கூட ஆகலாம் என்று மொழியியல் ஆய்வாளர் ஜிம் கம்மின்ஸ் காட்டியிருக்கிறார். 'நன்றாகத்தான் பேசுகிறாள், ஏன் மதிப்பெண் வரவில்லை' என்று திட்டாதீர்கள். நம்மைவிடச் சீக்கிரம் பேசிவிடுகிறார்கள் என்பதற்காக மருத்துவரிடமும் அரசு அலுவலகத்திலும் அவர்களை மொழிபெயர்ப்பாளராக நிறுத்துவதும் வேண்டாம். பத்து வயதில் அம்மாவின் நோயை வாய்விட்டுச் சொல்வது பெரிய சுமை.

என்னைக் கேட்டால் அதிகம் அடிபடுவது, துணைக்காக வேலையை விட்டுக் கூடவே வந்தவர்தான். மற்றவர்களுக்குக் காலையில் போக ஓர் இடம் இருக்கிறது, இவருக்குச் சுவர்தான். துணையின் விசாவை ஒட்டிக் கிடைக்கும் சில சார்பு விசாக்களில் வேலை செய்யவே அனுமதி கிடையாது, அதைக் கிளம்பும் முன் பாருங்கள், வந்த பிறகு அல்ல. அவர் பெயரில் வங்கிக் கணக்கு, கேட்காமல் செலவழிக்கப் பணம், தனியாகப் போய்வரப் பாதை, வாரம் ஒருமுறையாவது வீட்டுக்கு வெளியே ஒரு வகுப்போ குழுவோ. இதெல்லாம் முதல் மாதமே நடக்கட்டும்.

ஆவணங்கள்: பிறப்பு, திருமண, தடுப்பூசி, பள்ளிச் சான்றிதழ்கள் கைப்பையில். வெளிநாடென்றால் அப்போஸ்டில் முத்திரை (ஆவணம் உண்மையானதுதான் என்று வெளிநாட்டில் காட்ட அரசு தரும் சான்று) தேவையா என்று விசாரியுங்கள்.

பெற்றோரை விட்டுவிட்டுப் போகிறீர்களா? போன் செய்ய நேரம் குறித்துக்கொள்ளுங்கள், அப்புறம் நடுராத்திரி அவசரமென்றால் கதவைத் தட்டப் போவது யார் என்று ஓர் ஆளைக் கேட்டு உறுதி செய்யுங்கள். 'யாராவது பார்த்துப்பாங்க' என்பது ஏற்பாடே இல்லை.

ஒருவர் மட்டும் முன்னால் போய், குடும்பம் பிறகு சேர்வதென்றால், சேர்ந்த பிறகு வருவதுதான் சிக்கல். இத்தனை நாள் வீட்டை ஒருவர் தனியாக நடத்தியிருப்பார், பிள்ளைகள் அவரிடம்தான் அனுமதி கேட்பார்கள். முன்னால் போனவர் நீங்கள்தான் என்றால், முதல் சில வாரம் உத்தரவு எதுவும் போடாதீர்கள். எந்தக் குழந்தை எத்தனை மணிக்குத் தூங்குகிறது என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.