எப்பி என்றால் யார்? பாட்டியின் ஸ்காட்லாந்துச் செல்லப்பெயரைத் துப்புத் துலக்கும் வழி

பெங்களூர் கன்டோன்மென்ட் பக்கத்துப் பழைய தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் வீட்டுக்கு ஒரு பெயர், சர்ச் புத்தகத்துக்கு ஒரு பெயர். ஒரு சபை அலுவலகத்தில் பதிவேடுகளைப் பார்த்துக்கொண்டு ஓய்வு பெற்றவள் நான். ஞானஸ்நானச் சான்று கேட்டு வருகிறவர்கள் ஜன்னலில் நின்று சொல்வது எப்போதும் வீட்டுப் பெயரைத்தான். "எங்க பாட்டி பேரு எல்சிங்க" என்பார்கள். புத்தகத்தில் எல்சி இருக்காது, எலிசபெத் ஞானப்பூ இருப்பாள்.

நம் வீடுகளில் புழங்கும் எல்சி, ஜெஸ்ஸி இரண்டுமே ஸ்காட்லாந்தில் செல்லப்பெயராகக் கிளம்பி வந்தவை. எலிசபெத்தை அங்கே எல்ஸ்பெத் என்பார்கள், அதன் செல்லம் எல்சி. ஜேனட்டின் செல்லம் ஜெஸ்ஸி. கடைசியில் ஒரு 'இ' சேர்த்துக் கொஞ்சுவது அவர்கள் வழக்கம். இந்த இரண்டும் இப்போது தெருவுக்குத் தெரு இருப்பதால் யாரும் வேர் தேடுவதில்லை. அரிய பெயர் வந்தால்தான் தேடல் தொடங்குகிறது.

காக்ஸ் டவுனில் எங்கள் தெருப் பெண் ஒருத்தி, பிறக்கப்போகிற குழந்தைக்குத் தன் கொள்ளுப்பாட்டி பெயரை வைக்க ஆசைப்பட்டாள். அந்தப் பாட்டியை ஊரே எப்பி என்றுதான் கூப்பிட்டதாம். போனில் தேடினால் ஓரிடத்தில் 'நற்பெயர்' என்று அர்த்தம், இன்னோரிடத்தில் 'கடவுளின் ஆணை', மூன்றாவது இடத்தில் 'என் பிரியம்'. "எது சரி ஆன்ட்டி?" என்றாள். மூன்றும் சரிதான், ஆனால் மூன்றும் வெவ்வேறு பெண்களுடையவை. உங்கள் பாட்டி அதில் யார் என்று பிடிப்பதுதான் வேலை. அவளுக்குச் சொன்னதையே இங்கே எழுதுகிறேன். எப்பிக்குச் சொல்வது மைசி, நெஸ்ஸி, டிப்பி என்று எந்தப் பெயருக்கும் ஓடும்.

முதலில் எந்தக் கதவு என்று பாருங்கள்

செல்லப்பெயருக்கு நேராக அர்த்தம் தேடக்கூடாது. அதன் பின்னால் ஒரு முழுப்பெயர் இருக்கும், அர்த்தம் அதற்குத்தான். எப்பிக்குப் பின்னால் மூன்று முழுப்பெயர்கள் நிற்கலாம்.

ஒன்று யூஃபேமியா. கிரேக்கப் பெயர். நல்லபடியாகப் பேசப்படுகிறவள், நம் வேதாகமத் தமிழில் சொன்னால் நற்கீர்த்தி. பிலிப்பியர் 4:8-இல் 'நற்கீர்த்தியுள்ளவைகள்' என்று வருகிற இடத்தில் கிரேக்க மூலத்தில் இருப்பது இதே வேர்ச்சொல்தான். கல்செதோன் நகரத்து இரத்தசாட்சி ஒருத்தியின் பெயர் இது. 451-இல் கூடிய புகழ்பெற்ற திருச்சபைப் பேரவை அவள் பெயரிலிருந்த ஆலயத்தில்தான் நடந்தது. ஸ்காட்லாந்தில் இந்தப் பெயர் அரண்மனை வரைக்கும் ஏறியது: 1371-இல் அரசனான இரண்டாம் ராபர்ட்டின் இரண்டாவது மனைவி ராஸ் நாட்டு யூஃபேமியா. பழைய பதிவுகளில் யூஃபேம் என்றும் எழுதுவார்கள். அந்த எழுத்தில் ஒருத்தியை நான் மறக்கமாட்டேன். யூஃபேம் மக்கேல்சியன், எடின்பரோக்காரி. சூனியக்காரி என்று சொல்லி 1591-இல் உயிரோடு எரித்தார்கள். நற்கீர்த்தி என்ற பெயருக்கு வந்த கதியைப் பாருங்கள்.

இரண்டாவது எல்ஸ்பெத். நம் லூக்கா சுவிசேஷத்து எலிசபெத்துதான். எபிரெய வேரில் 'என் தேவன் ஆணையானவர்' என்று பொருள். எல்சி பிறந்த அதே மரத்தில் எல்ஸ்பி, எப்பி என்றும் கிளைகள் உண்டு.

மூன்றாவதை நம்மவர்கள் அடிக்கடி மறந்துவிடுகிறார்கள். எப்சிபா. ஏசாயா 62:4-இல் வருகிற பெயர், 'என் பிரியம் அவளிடத்தில்' என்று பொருள். எசேக்கியா ராஜாவின் மனைவிக்கும் இதே பெயர், இரண்டாம் இராஜாக்களில் எப்சிபாள் என்று இருக்கும். இதற்கும் ஸ்காட்லாந்துக்கும் ஒரு சம்பந்தமும் வேண்டியதில்லை. திருநெல்வேலிச் சீமையின் நாசரேத், மெஞ்ஞானபுரம் பக்கமிருந்து வந்த குடும்பத்தில் ஒரு எப்பி இருந்தால், ஸ்காட்லாந்துத் துரைசாணியைத் தேடுவதற்கு முன் வீட்டு பைபிளைத் திறந்து பாருங்கள் என்பேன்.

யூஃபேமியாவுக்குப் பின்னால் இன்னொருத்தி

இந்த இடம்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது. ஸ்காட்லாந்தின் மேட்டுநிலத்தில், அங்கத்திய பழைய மொழியான கேலிக் பேசுகிற வீடுகளில் ஓய்ரிக் என்று ஒரு பெண்பெயர். இங்கிலீஷில் எழுதுகிற பாதிரியாருக்கும் குமாஸ்தாவுக்கும் அதை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. காதுக்குக் கொஞ்சம் கிட்டத்தில் இருந்த யூஃபேமியா என்றோ, அதன் இன்னொரு செல்லமான எஃபி என்றோ எழுதிவிட்டார்கள். வீட்டில் ஓய்ரிக், புத்தகத்தில் யூஃபேமியா. இப்படி வந்தவளுக்கு நற்கீர்த்தி என்ற அர்த்தம் குமாஸ்தாவின் பேனாவில் மட்டும்தான் இருந்தது.

ஓய்ரிக்கின் பழைய வடிவத்தைப் பார்த்தால் பெரிய இடத்துப் பெண்கள் வருகிறார்கள். 12-ஆம் நூற்றாண்டில் காலோவே நாட்டுத் தலைவன் ஃபெர்கஸின் மகள் ஆஃப்ரைக், மான் தீவின் அரசன் ஓலாஃபை மணந்தாள். 15-ஆம் நூற்றாண்டில் எஃப்ரிக் என்று ஒரு பெண் கவி இருந்தாள். இறந்துபோன கணவனின் ஜெபமாலையைப் பார்த்து, என் கண்ணீரை எழுப்பிவிட்டாயே என்று அதனிடமே பேசுகிறமாதிரி ஒரு பாட்டு. நம் கையறுநிலைப் பாட்டுகளுக்குப் பக்கத்தில் அப்படியே வைக்கலாம். லிஸ்மோர் டீன் என்ற ஸ்காட்லாந்துத் திருச்சபை அதிகாரி தொகுத்த கையெழுத்துச் சுவடியில் அது இன்றைக்கும் இருக்கிறது.

ஆகவே பதிவில் யூஃபேமியா என்று கண்டதும் தேடலை நிறுத்திவிடாதீர்கள். அந்தப் பெண்ணின் குடும்பம் எந்த ஊர் என்று பாருங்கள். தீவுகள், மேட்டுநிலம் என்றால் ஓய்ரிக்குக்கு வாய்ப்பு உண்டு. கிழக்குக் கரை, எடின்பரோ, பெர்த் பக்கம் என்றால் பெரும்பாலும் யூஃபேமியாவேதான்.

ஒருத்திக்கே இரண்டு செல்லப்பெயர் இருப்பதும் சகஜம். பெர்த்தில் 1828-இல் பிறந்த யூஃபேமியா கிரே, கலை விமர்சகர் ரஸ்கினை மணந்து, அந்தத் திருமணம் செல்லாது என்றாகி, பிறகு ஓவியர் மில்லேயை மணந்தவர். உலகம் அவரை எஃபி என்கிறது, சின்ன வயதில் வீட்டில் ஃபெமி.

தமிழில் மட்டும் எழுதியிருந்தால் நம்பாதீர்கள்

ஓசூர் ரோடு கல்லறைத் தோட்டத்திலோ கல்பள்ளியிலோ பாட்டியின் கல் கிடைத்துவிட்டது, அதில் தமிழில் 'எப்பி' என்று வெட்டியிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். சந்தோஷம். ஆனால் தமிழில் எஃப் ஒலிக்கு எழுத்து கிடையாது. எஃபி என்று கூப்பிட்ட பெண்ணையும் அந்தக் காலத்தில் எப்பி என்றுதான் எழுதியிருப்பார்கள். ஃபிலிப்பு பிலிப்பு ஆனதுபோல. பழைய கையெழுத்தில் புள்ளி வைக்கிற பழக்கமும் கம்மி, அதனால் 'எபபி' என்று இருக்கும். அதை எபி என்று படித்து எபிநேசர் குடும்பத்தோடு சேர்த்துவிட்டவர்களையும் நான் பார்த்திருக்கிறேன்.

அதனால் இங்கிலீஷ் பதிவு ஒன்று வேண்டும். ஞானஸ்நானப் பதிவேடு, பள்ளிக்கூட டி.சி., திருமணப் பதிவு, எதுவானாலும் சரி. கையில் கிடைத்தால் எழுத்தை இப்படிப் பாருங்கள். அந்தக் காலத்துச் சாய்வெழுத்தில் எஃப் எழுத்துக்குக் கோட்டுக்கு மேலேயும் ஒரு கொக்கி உண்டு, கீழேயும் ஒரு வால் உண்டு. பி எழுத்துக்குக் கீழே மட்டும்தான் தண்டு நீளும், தலைப்பக்கம் கொக்கி இருக்காது. மை பரவியிருந்தால் கீழ்ப்பகுதியைப் பார்த்துப் பிரயோஜனமில்லை, மேலே பாருங்கள். அதே பக்கத்தில் அதே கை எழுதிய வேறு பெயர்களோடு ஒப்பிடுங்கள். பெயரின் நடுவிலோ கடைசியிலோ அந்த எழுத்து வருகிற ஆல்ஃபிரட் ஒருவரும் ஜோசப் ஒருவரும் எப்படியும் இருப்பார்கள்.

முழுப்பெயரைச் சுருக்கி, பின்னால் இரண்டு புள்ளி வைத்து எழுதியிருப்பதும் உண்டு. எலிசபெத்தைப் பாதியில் நிறுத்தியிருந்தால் நீங்களாக நீட்டி எல்ஸ்பெத் ஆக்கிவிடாதீர்கள்.

சபை அலுவலகத்துக்குப் போகும்போது தோராயமான வருடம், தகப்பன் பெயர், அப்போது இருந்த பேட்டை இந்த மூன்றையும் எழுதிக்கொண்டு போங்கள். செல்லப்பெயரை மட்டும் வைத்துக்கொண்டு யாராலும் தேட முடியாது. ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து கூட்டத்தோடு கூட்டமாகக் கேட்காமல், வாரநாளில் போய்ப் பதிவேடு வைத்திருப்பவரிடம் பொறுமையாகக் கேளுங்கள். போனில் படம் எடுக்க அனுமதி கேட்டால் பல இடங்களில் கொடுப்பார்கள். ஃபிளாஷ் மட்டும் வேண்டாம்.

எந்த மிஷன் என்று கேளுங்கள்

குடும்பம் பெங்களூருக்கு எங்கிருந்து வந்தது என்பது பாதி விடை. செங்கல்பட்டு, காஞ்சிபுரம் பக்கம் என்றால் அது ஸ்காட்லாந்து மிஷன் வேலை செய்த இடம். 1837-இல் சென்னையில் ஜான் ஆண்டர்சன் தொடங்கிய பள்ளிக்கூடம்தான் பின்னாளில் கிறிஸ்தவக் கல்லூரியானது. செங்கல்பட்டில் கொலம்பா பெயரில் பள்ளிக்கூடம் இருப்பதும் அதனால்தான். கொலம்பா, 563-இல் ஸ்காட்லாந்தின் அயோனா தீவுக்கு வந்து மடம் கட்டிய துறவி. இந்த வட்டாரத்தில் ஒரு மிஸ்ஸியம்மாவின், அதாவது மிஷனில் வேலை செய்த வெள்ளைக்காரப் பெண்ணின் பெயரைப் பெண்குழந்தைக்கு வைப்பது நடக்கக்கூடிய காரியம். திருநெல்வேலி என்றால் எஸ்.பி.ஜி., சி.எம்.எஸ். என்ற இங்கிலாந்து மிஷன் சங்கங்களின் ஆட்சி, ஆங்கிலிக்கன் வழி. அங்கே எப்சிபாவின் பக்கம் தராசு சாயும்.

கன்டோன்மென்ட்டிலேயே துரை வீட்டில் ஆயாவாகவோ சமையல்காரராகவோ இருந்த குடும்பம் என்றால் அந்தத் துரைசாணி யார் என்று பார்க்கலாம். கப்பன் ரோட்டில் செயின்ட் ஆண்ட்ரூஸ் ஆலயம் ஸ்காட்லாந்துக்காரர்களுக்காகக் கட்டியதுதான். பிரிட்டிஷ் இந்தியாவின் ஞானஸ்நான, திருமண, அடக்கப் பதிவுகளின் நகல்கள் லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் மாகாண வாரியாக இருக்கின்றன. பெங்களூர் கன்டோன்மென்ட்டை மைசூரில் தேடாதீர்கள், மெட்ராஸ் வரிசையில் இருக்கும். ஃபேமிலிசர்ச் தளத்தில் இந்தப் பதிவுகளின் அட்டவணையை இலவசமாகத் தேடலாம், பிரிட்டிஷ் இந்தியக் குடும்பங்களின் வரலாற்றைத் தேடுகிற ஃபிபிஸ் என்ற சங்கத்தின் தளமும் உண்டு. இவற்றில் தமிழ்ப் பெயர்கள் குறைவு. துரைசாணியைக் கண்டுபிடிக்கத்தான் இவை.

அவள் பெயர் கிடைத்தால் ஸ்காட்லாந்துக்கே போய்விடலாம், டிக்கெட் இல்லாமல். ஸ்காட்லண்ட்ஸ் பீப்பிள் என்பது அவர்கள் அரசின் தளம். 1855 ஜனவரி 1 முதல் அரசுப் பதிவு, அதற்கு முந்தியது திருச்சபைப் பதிவு. அட்டவணையைத் தேடிவிட்டு, படம் பார்க்கத்தான் காசு. நூறு வருடத்துக்கு உட்பட்ட பிறப்புப் பதிவின் படத்தை இணையத்தில் காட்டமாட்டார்கள். அங்கே ஒரு சௌகரியம்: கல்யாணமான பெண்களின் பிறந்த வீட்டுப் பெயரையும் பதிவிலும் கல்லறையிலும் விடாமல் எழுதுவார்கள். இன்னொரு சௌகரியம், பெயர் வைக்கும் முறை. மூத்த மகளுக்குத் தாயின் தாய் பெயர், இரண்டாவது மகளுக்குத் தகப்பனின் தாய் பெயர் என்று ஒரு வழக்கம். எல்லாரும் கடைப்பிடித்தார்கள் என்று சொல்லமுடியாது, ஆனால் எப்பியின் பாட்டி யார் என்று ஊகிக்க உதவும். பெயரன், பெயர்த்தி என்று சொல்கிற நமக்கு இதை விளக்கவே வேண்டாம். ஒரே வீட்டில் மூன்று யூஃபேமியா இருந்தால் ஒருத்தி ஃபெமி, ஒருத்தி எஃபி, ஒருத்தி எப்பி ஆகாமல் என்ன செய்வாள்? நம் வீட்டில் மாமியார் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது என்பதற்காகவே பேத்திக்குச் செல்லப்பெயர் வந்தது.

குழந்தைக்கு வைப்பது என்று முடிவானால்

என் அபிப்பிராயம்: முழுப்பெயரைச் சான்றிதழில் போடுங்கள், எப்பியை வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள். பள்ளிக்கூடத்தில் யிப்பீ நூடுல்ஸ் என்று கூப்பிடுவார்கள், அது நிச்சயம். முழுப்பெயர் ஒன்று இருந்தால் பிள்ளை அதற்குள் ஒளிந்துகொள்ளலாம். தெருப் பெண்ணின் விஷயத்தில் பழைய பதிவேட்டில் கிடைத்தது எப்சிபா. ஸ்காட்லாந்து இல்லையே என்று அவளுக்கு முகம் கொஞ்சம் வாடியது. அவள் மாமியாருக்கோ பரம சந்தோஷம், வேதாகமப் பெயராயிற்றே.

பிறப்பை 21 நாளுக்குள் பதிந்துவிடுங்கள். பெயர் முடிவாகவில்லை என்றால் பெயரில்லாமலே பதியலாம், 12 மாதத்துக்குள் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், அதற்குப் பிறகு 15 வருடம் வரை கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். ஆகவே தேடல் முடியட்டும், அவசரம் வேண்டாம். பெங்களூரில் சான்றிதழ் கன்னடத்திலும் இங்கிலீஷிலும் வரும். இங்கிலீஷ் எழுத்தை மட்டும் சரிபார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுகிறவர்கள்தான் அதிகம். கன்னட எழுத்தைப் படிக்கத் தெரிந்த ஒருவரை வைத்து எஃபியா எப்பியா என்று வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள், அப்புறம் கையெழுத்துப் போடுங்கள்.