ஸ்காட்லாந்தின் பிரான் ஆற்றில் சால்மன் மீன் துள்ளுவதைப் பார்க்கப் போகிறீர்களா?

மழை பெய்து ஓய்ந்த மறுநாள் புறப்படுங்கள். வெயிலைப் பார்த்து நாள் குறிக்காதீர்கள். ஸ்காட்லாந்தின் பெர்த் நகருக்கு வேலைக்கு வந்த முதல் அக்டோபரில், வானம் பளிச்சென்று இருக்கிறதே என்று ஒரு ஞாயிறன்று இந்த ஆற்றின் அருவிக்குப் போய், இரண்டு மணி நேரம் நின்று, ஒரு மீனைக்கூடக் காணாமல் திரும்பினேன். பத்து நாளாக மழை இல்லை. ஆறு மெலிந்து கிடந்தால் சால்மன் மடுவிலேயே படுத்திருக்கும், மேலே ஏறாது.

பிரான், டே ஆற்றின் கிளை. டே ஸ்காட்லாந்தின் மிக நீளமான ஆறு, சுமார் 190 கி.மீ. இந்த ஆறுகளில் பிறக்கும் குஞ்சுகள் பெரும்பாலும் இரண்டு மூன்று ஆண்டு இங்கேயே வளர்ந்து, கடலுக்கு இறங்கி, கிரீன்லாந்துப் பக்கம்வரைகூடப் போய்விட்டு, பிறந்த ஆற்றின் வாசனையைப் பிடித்துக்கொண்டு முட்டையிடத் திரும்புகின்றன. நன்னீருக்குள் வந்தபின் இரை எடுப்பதில்லை. கடலில் சேர்த்த கொழுப்பை வைத்துத்தான் இத்தனை பாய்ச்சலும். அதை நினைத்துக்கொண்டு பார்த்தால் துள்ளல் வேறு மாதிரி தெரியும்.

செப்டம்பர் நடுவிலிருந்து நவம்பர் தொடக்கம்வரை பருவம். நீர் மிகவும் குளிர்ந்துவிட்டால் துள்ளுவது குறைந்துவிடும். ஸ்காட்லாந்து சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை ஆறுகளின் நீர்மட்டத்தை இணையத்தில் வெளியிடுகிறது. கிளம்புவதற்கு முன் அந்த நீர்மட்டக் கோட்டுப்படத்தைப் பாருங்கள். கோடு செங்குத்தாக ஏறியிருந்தால் பொறுங்கள். அப்போது அருவி முழுக்க நுரைதான், மீனால் எதிர்க்க முடியாது. உச்சியைத் தொட்டுச் சரிவாக இறங்கத் தொடங்கியதும் கிளம்பிவிடுங்கள். வெள்ளம் வடியும் அந்த ஒன்றிரண்டு நாள்தான் நமக்கு வேண்டியது.

பெர்த்திலிருந்து டன்கெல்டுக்கு ரயிலில் சுமார் இருபது நிமிடம். அங்கிருந்து பிரான் கரையோரமாக முக்கால் மணி நேரம் நிதானமாக நடந்தால் ஹெர்மிடேஜ் காடு. வானை முட்டும் டக்ளஸ் ஃபிர் மரங்களைக் கடந்தால், 1750களில் கட்டிய ஒரு கல் மண்டபம் அருவிக்கு மேலே தொங்குவதுபோல் நிற்கும். ஆஸியன் மண்டபம் என்பார்கள். கீழே கரிய மடு. மக்கிய தாவரங்கள் நிறைந்த சதுப்பு நிலத்தின் சாறு கலந்து, தண்ணீர் கடுங்காப்பி நிறத்தில் இருக்கும்.

இனி, பார்ப்பதற்கும் ஒரு முறை இருக்கிறது. அருவி முழுவதையும் கண்ணால் துழாவாதீர்கள். விழும் நீர் அடிவரை போய் மறுபடி மேலே பொங்கி எழும் ஓர் இடம் இருக்கும். அந்தப் பொங்கலில் ஏறித்தான் மீன் பாய்கிறது. அங்கேயே பார்வையை நிறுத்துங்கள். கால் மணி நேரம் ஒன்றும் நடக்காது. கைப்பேசியை எடுத்துவிடாதீர்கள்.

சென்ற இலையுதிர்காலத்தில் நான் பார்த்த மீன் ஓர் ஆண். உடல் செம்பு நிறம், கீழ்த்தாடை கொக்கிபோல் மேலே வளைந்திருந்தது, முதுகுத் துடுப்புக்கு முன்னால் உள்ளங்கை அளவு வெள்ளைத் தழும்பு. காற்றிலும் வாலை விடாமல் அடித்துக்கொண்டே வந்தது. பாறையில் மோதிய சத்தம், துவைகல்லில் ஈரத்துணியை அறைந்ததுபோல் இருந்தது. சரிந்து விழுந்தது. சில நிமிடம் கழித்து அதே தழும்பு, அதே இடம். ஐந்து முறை எண்ணினேன். ஐந்து முறையும் விழுந்தது. இந்த அருவியில் பெரும்பாலும் அப்படித்தான், உயரம் அதிகம்.

மீன் ஏறி வெல்வதைப் பார்க்க வேண்டுமென்றால், கார் இருப்பவர்கள் பெர்த்துக்கு மேற்கே ஆல்மண்ட் ஆற்றின் புக்கன்டி ஸ்பவுட்டுக்குப் போகலாம். தாழ்வான, குறுகலான பாறை இடுக்கு. மீன் கைக்கெட்டும் தூரத்தில் பாய்வதுபோல் தோன்றும். என் மனம் இதற்குத்தான் சாயும். ஆனால் ஈர இலை படிந்த பாறை மிகவும் வழுக்கும். பிடிப்புள்ள காலணி அவசியம். குழந்தைகளின் கையை விடாதீர்கள்.

டன்கெல்டுக்குச் சற்றுக் கீழே கிளென்டெல்வைனில்தான் 1922 அக்டோபர் 7 அன்று ஜார்ஜினா பாலன்டைன் தூண்டிலில் 64 பவுண்டு, அதாவது 29 கிலோ சால்மனைப் பிடித்தார். பிரிட்டனில் அந்தச் சாதனையை இன்னும் யாரும் முறியடிக்கவில்லை. இன்றோ, 2023 டிசம்பரில் வெளியான சிவப்புப் பட்டியல், அதாவது உயிரினங்களின் அழிவு அபாயத்தை மதிப்பிடும் பட்டியல், பிரிட்டனின் அட்லாண்டிக் சால்மனை அழியும் ஆபத்தில் உள்ளவற்றில் சேர்த்துவிட்டது. எனவே மடுவில் கல்லெறிய யாரையும் விடாதீர்கள். நாயை அவிழ்த்துவிடவும் வேண்டாம்.

நவம்பரில் போகிறவர்களுக்கு இன்னொன்று. ஆழமில்லாத ஓட்டத்தில், சுற்றிலும் பாசி படிந்த கருங்கற்களாக இருக்க, ஓரிடம் மட்டும் கழுவி வைத்ததுபோல் வெளுத்துத் தெரியும். பெண் மீன் பக்கவாட்டில் சாய்ந்து வாலால் அடித்து அடித்துக் கூழாங்கல்லைக் கிளறிய இடம் அது. முட்டைகள் அதற்கடியில் புதைந்து இருக்கின்றன. குஞ்சு வெளிவர வசந்தம் ஆகிவிடும். தண்ணீர் கணுக்கால் அளவுதானே என்று இறங்கிக் கடக்காதீர்கள். கொஞ்சம் சுற்றினாலும் பாலத்தின் வழியே போங்கள்.