லாஸ் ஏஞ்சலஸ் 1992: கதை சொல்கிறவர்கள் தடுமாறும் இடங்கள்

லாஸ் ஏஞ்சலஸ் கலவரத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் ராட்னி கிங் என்ற கறுப்பினத்தவரில் தொடங்கி அவரிலேயே முடித்துவிடுகிறார்கள். போலீசார் அவரைத் தடியால் அடித்ததை ஒருவர் வீட்டு பால்கனியிலிருந்து வீடியோ எடுத்தார். 1992 ஏப்ரல் 29 அன்று வந்த தீர்ப்பில் நான்கு போலீசாரில் ஒருவருக்கும் தண்டனை இல்லை. நகரம் பற்றி எரிந்தது. உண்மைதான், ஆனால் பாதி.

விட்டுப்போவது ஒரு பாட்டில் ஆரஞ்சுச் சாறு. கிங் அடிபட்ட 13ஆம் நாள், 1991 மார்ச் 16 அன்று, லத்தாஷா ஹார்லின்ஸ் என்ற 15 வயதுக் கறுப்பினச் சிறுமி கொரியக் குடும்பம் ஒன்றின் கடைக்குப் போனாள். சாறு 1.79 டாலர். அதைப் பையில் வைத்தபடி கல்லாவுக்கு வந்தவளைத் திருடுகிறாள் என்று நினைத்துக் கடைக்காரப் பெண்மணி பிடித்து இழுத்தார். சிறுமி திருப்பி அடித்தாள். பிறகு பாட்டிலைக் கல்லாவில் வைத்துவிட்டுத் திரும்பி நடந்தவளின் பின்தலையில் குண்டு பாய்ந்தது. கையில் 2 டாலர் இருந்தது.

கடைக்காரப் பெண்மணியைக் குற்றவாளி என்றது ஜூரி, அதாவது பொதுமக்கள் அடங்கிய நடுவர் குழு. நீதிபதியோ சிறைக்கு அனுப்பாமல் நன்னடத்தைக் கண்காணிப்பு, 400 மணி நேரச் சமூக சேவை, 500 டாலர் அபராதம் என்று முடித்துக்கொண்டார். 1992 ஏப்ரல் 21 அன்று மேல்முறையீட்டிலும் அதுவே உறுதியானது. எட்டே நாளில் கிங் வழக்கின் தீர்ப்பு. 2,000க்கும் மேற்பட்ட கொரியர் கடைகள் ஏன் சூறையாடப்பட்டன என்பதை இந்தச் சிறுமியை விட்டுவிட்டு விளக்கவே முடியாது. கொரியர்கள் அந்த நாளைச் 'சா-இ-கு' என்கிறார்கள். நான்கு, இரண்டு, ஒன்பது; அதாவது நான்காம் மாதம் 29.

வீடியோ இருந்தும் எப்படி விடுதலை என்று வியப்பதும் வெகுளித்தனம். போலீசார் தரப்பு வக்கீல்கள் அதே வீடியோவைத்தான் நிறுத்தி நிறுத்தி ஓட்டி, கிங்கின் ஒவ்வோர் அசைவையும் மிரட்டலாகக் காட்டினார்கள். வழக்கு வெள்ளையர் மிகுந்த சிமி வேலி என்ற ஊருக்கு மாற்றப்பட்டிருந்தது. ஜூரியில் ஒரு கறுப்பினத்தவர்கூட இல்லை.

'கறுப்பர் கலவரம்' என்ற தலைப்பும் வேண்டாம். கைதானவர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் லத்தீன் அமெரிக்க வம்சாவளியினர். வெள்ளையரான ஒரு லாரி ஓட்டுநர் அடிபட்டதை ஹெலிகாப்டர் கேமரா நேரலையில் காட்டியது. அவரை மருத்துவமனையில் சேர்த்த நால்வரும் கறுப்பினத்தவர் என்பதைச் சொல்பவர்கள் குறைவு.

போலீஸ் பாய்ந்து அடக்கியதாக எழுதுவது இன்னும் மோசம். கலவரம் மூண்ட புளோரன்ஸ்-நார்மண்டி தெருச் சந்திப்பிலிருந்து தீர்ப்பு வந்த அன்று மாலை போலீசார் பின்வாங்கினார்கள். நகரப் போலீஸ் தலைவர் டாரில் கேட்ஸ் அப்போது நிதி திரட்டும் விருந்து ஒன்றுக்குப் போயிருந்தார். இறந்தவர்கள் 60க்கும் மேல்.

கிங் வழக்கின் நான்கு போலீசாரும் கடைசிவரை தப்பிவிட்டார்கள் என்பதும் பிழை. 1993இல் ஃபெடரல் (மத்திய அரசு) நீதிமன்றம் அவர்களில் இருவரைத் தலா 30 மாதம் சிறைக்கு அனுப்பியது.