எண்ணக் கூடாத எண்கள்

"பத்துப் பாத்திரம் கிடக்கிறது" என்று பாட்டி சொல்லும்போதெல்லாம் நான் கிணற்றடிக்குப் போய் எண்ணிப் பார்ப்பேன். ஒரு நாள் பதினான்கு இருக்கும், ஒரு நாள் ஆறுதான் இருக்கும். பாட்டிக்குக் கணக்கு வராது என்றே வெகு காலம் நினைத்திருந்தேன். கணக்கு வராதவன் நான்தான். அந்தப் பத்து எண்ணே அல்ல. பாத்திரத்தில் ஒட்டிக் காய்ந்திருக்கும் 'பற்று' பேச்சில் பத்தாகிவிட்டது. தலைவலிக்கு அரைத்து நெற்றியில் போடும் பத்தும் அதன் உறவுதான்.

எண்ணைப் போல ஒலிக்கும் சொல்லையெல்லாம் எண்ணாக எடுத்துக்கொள்வது முதல் தவறு. 'தெருக்கோடி வீடு' என்றால் கடைசி வீடு. அங்கே கோடீசுவரர் இருக்க வேண்டியதில்லை. 'கோடித் துணி' என்றால் புதுத் துணி. சாவு வீட்டில் கோடி போடும் வழக்கம் இருப்பதால், பல குடும்பங்களில் நல்ல காரியத்தின்போது அந்தச் சொல்லை வாயில் எடுக்கவே மாட்டார்கள். கல்யாண வீட்டில் "கோடி எடுத்தாயிற்றா?" என்று கேட்டுவைத்தால் பெரியவர்களின் முகம் மாறுவதைப் பார்க்கலாம்.

அடுத்தது நாலு. எண்தான், ஆனால் அளவில்லை. "நாலு பேர் என்ன சொல்வார்கள்?" என்பதில் வருவது ஊர் முழுவதும். 'நாலு காசு' என்றால் கொஞ்சம் பணம், 'நாலு எழுத்து' என்றால் கொஞ்சம் படிப்பு, 'நாலும் தெரிந்தவர்' என்றாலோ எல்லாம் தெரிந்தவர். ஒரே நாலு, கொஞ்சத்துக்கும் உதவுகிறது, எல்லாவற்றுக்கும் உதவுகிறது. "நாலு பேரைச் சம்பாதித்து வைத்துக்கொள்" என்று மூத்தவர் ஒருவர் சொல்லும்போது மட்டும் கவனமாகக் கேட்க வேண்டும். அங்கே நாலு, பாடையின் நாலு மூலை. அதைத் தூக்கும் தோள்களை அவர் நினைத்துக்கொண்டிருக்கலாம். இப்படிப் பழகியவர்கள், "நாலும் இரண்டும் சொல்லுக்குறுதி" என்பதையும் ஏதோ நாலைந்து என்று கடந்துபோய்விடுகிறார்கள். அங்கே கணக்கு துல்லியம்: நாலு அடி நாலடியார், இரண்டு அடி திருக்குறள்.

பதினாறுக்கு வருவோம். "பதினாறும் பெற்றுப் பெருவாழ்வு வாழ்க" என்பதைப் பதினாறு பிள்ளைகள் என்று சொல்லிச் சிரிக்காத மேடைப் பேச்சாளர் குறைவு. வாழ்த்துவது பதினாறு பேறுகளை: கல்வி, ஆயுள், நோயின்மை, துணிவு, புகழ் என்று அந்தப் பட்டியல் போகிறது. பட்டியலுக்குப் பட்டியல் சில பேறுகள் மாறும். ஆனால் நன்மக்கள் அதில் ஓர் இடத்தைத்தான் பிடிக்கிறார்கள். நகைச்சுவைக்காகச் சொல்வதை மன்னித்துவிடலாம். உண்மையென்று நம்பி, பழைய வாழ்த்து மக்கள்தொகையைப் பெருக்கச் சொன்னது என்று கட்டுரை எழுதுவதைத்தான் பொறுக்க முடியவில்லை.

இதே பதினாறுக்கு இன்னொரு முகமும் உண்டு. "பதினாறு என்றைக்கு?" என்று கேட்டால் அது இறந்தவருக்குப் பதினாறாம் நாளில் செய்யும் காரியம். யாழ்ப்பாணத்தார் வீட்டில் 'எட்டுச் செலவு' என்று காதில் விழுந்தால் எட்டு வகைச் செலவா என்று கேட்டுவிடாதீர்கள். அதுவும் இறந்தவருக்கான சடங்கு. எட்டாம் நாளை ஒட்டிய பெயர். அதன் பின் வரும் அந்தியேட்டி என்ற சடங்குக்கு 31ஆம் நாள். எண் ஒன்றுதான் என்றாலும் எந்த வீட்டில், எந்த நாளில் கேட்கிறோம் என்பதைப் பார்க்காமல் வாய் திறக்கக் கூடாது.

'ஏழரையைக் கூட்டாதே' என்பதற்கு அதிக விளக்கம் தேவையில்லை. சனி ஒரு ராசியில் சுமார் இரண்டரை ஆண்டு இருப்பதாகக் கணக்கு; மூன்று ராசிக்கு ஏழரை. சோதிடத்தை நம்பாதவர்களும் இந்தச் சொல்லைக் கைவிடவில்லை. ஒன்பதை ஒரு மனிதர் மேல் வசையாக எறிவதைத்தான் கைவிட வேண்டும். 'திருநங்கை' என்ற மரியாதையான சொல் நடைமுறைக்கு வந்து, 2008இல் தமிழ்நாட்டில் அவர்களுக்கென நல வாரியமும் அமைந்த பிறகு, அந்த எண்ணை வைத்துச் சிரிப்பதற்கு அறியாமையைக் காரணம் காட்ட முடியாது.

இதுவரை சொன்னதெல்லாம் எண்ணக் கூடாத இடத்தில் எண்ணியதால் வந்த தவறுகள். இதற்கு நேர்மாறான தவறுதான் கையைக் கடிக்கும். துல்லியமாகப் பார்க்க வேண்டிய எண்ணை வெறும் பேச்சாக எடுத்துக்கொள்வது அது.

'420' என்ற வசை, 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டத்திலிருந்து தெருவுக்கு இறங்கி வந்தது. பொய் சொல்பவரையெல்லாம் அந்தப் பிரிவு பிடிக்காது. ஏமாற்றியதோடு, அந்த ஏமாற்றால் பொருளையோ மதிப்புள்ள ஆவணத்தையோ நேர்மையற்ற முறையில் கறந்திருக்க வேண்டும். கடன் வாங்கித் திருப்ப முடியாமல் போனவர், அந்தக் காரணத்துக்காக மட்டும் 420 ஆகிவிட மாட்டார். 2024 ஜூலை 1 முதல் அந்த எண்ணே போய்விட்டது. பழைய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் அது 318ஆம் பிரிவுக்குள் வருகிறது. யாரையும் '318' என்று திட்டிக் கேட்டதில்லை. அமெரிக்க இளைஞர் ஒருவரின் சட்டையில் 420 என்று பார்த்தால் மோசடிக்காரர் என்று முடிவுகட்டவும் வேண்டாம். அங்கே அது கஞ்சாவுக்கான குறிச்சொல். 1971இல் கலிபோர்னியாவில் சில பள்ளி மாணவர்கள் மாலை 4.20க்குக் கூடியதில் பிறந்தது.

'144 போட்டுவிட்டார்கள், வெளியே வரக் கூடாது' என்பது இன்னொன்று. 144 வேறு, ஊரடங்கு வேறு. அந்த உத்தரவு எதைத் தடுக்கிறது என்பது உத்தரவிலேயே இருக்கும். பெரும்பாலும் ஐந்து பேரோ அதற்கு மேலோ கூடுவதுதான். கடைக்குத் தனியாகப் போய்ப் பால் வாங்குவதை அது பொதுவாகத் தடுப்பதில்லை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இந்த எண்ணும், அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் 163 ஆகிவிட்டது.

எல்லாவற்றிலும் விலை உயர்ந்த தவறு வட்டியில் நடக்கிறது. "இரண்டு வட்டிதான்" என்று ஒருவர் சொன்னதும், வங்கியின் பன்னிரண்டு சதவீதத்தை நினைத்து மலிவென்று மயங்குகிறவர்கள் உண்டு. வங்கி சொல்வது வருடத்துக்கு. தெருவில் சொல்வது மாதத்துக்கு, நூற்றுக்கு. இரண்டு வட்டி என்றால் வருடத்துக்கு 24 சதவீதம். ஐந்து வட்டி 60, பத்து வட்டி 120. ஐம்பதாயிரம் ரூபாயை மூன்று வட்டிக்கு வாங்கினால் மாதம் 1,500, வருடம் 18,000. அத்தனையும் கட்டிய பிறகும் அசல் ஐம்பதாயிரம் அப்படியே நிற்கும். கந்து வட்டி, மீட்டர் வட்டி, தண்டல் என்று மக்கள் வாயில் புழங்கிய பெயர்களையே 2003ஆம் ஆண்டின் தமிழ்நாட்டு அதீத வட்டித் தடைச் சட்டம் எடுத்து வரையறுத்திருக்கிறது. ஆகவே யாராவது வட்டியை ஒற்றை இலக்கத்தில் சொன்னால், கையெழுத்துப் போடுவதற்கு முன் "மாதத்துக்கா, வருடத்துக்கா?" என்று கேளுங்கள். மாதம் என்றால் பன்னிரண்டால் பெருக்குங்கள்.