சிறகுப் பாம்பை இனங்காண்பது எப்படி? தொடக்கநிலையினருக்கான படிமுறை விளக்கம்

தைப்பொங்கலன்று வல்வெட்டித்துறைக் கடற்கரையில் பட்டங்கள் ஏறத் தொடங்கிய வேளையில், என் தங்கையின் மகன் வானத்தை நோக்கிக் கையை நீட்டி, "மாமா, உது பாம்போ, பறவையோ?" என்று கேட்டான். கொக்குப் பட்டம், பிராந்துப் பட்டம், எட்டுமூலை என்று பெயர் சொல்லிக்கொண்டு வந்த எனக்கு, நான்கு கால்களும் இரண்டு செட்டைகளும் நீண்ட வாலுமாக ஆடி ஆடி மேலேறிய அந்த உருவத்தை "டிராகன்" என்பதற்கு மேல் விளக்கத் தெரியவில்லை. "டிராகன் எண்டால்?" என்ற அடுத்த கேள்விக்கு விடை தேடியபோது நானும் அவனும் சேர்ந்து வகுத்துக்கொண்ட முறையையே இங்கே படிப்படியாகத் தருகிறேன். இதைப் பின்பற்றுவதற்குப் புராண அறிவு முன்கூட்டியே வேண்டியதில்லை. ஒரு கொப்பி, ஒரு பென்சில், ஓர் அடிமட்டம், வெவ்வேறு நாடுகளைச் சேர்ந்த மூன்று நான்கு படங்கள் ஆகியவை போதும்.

படி 1: பெயரை எழுதாதீர்கள்

கொப்பியின் இரு பக்கங்களையும் சேர்த்து விரித்து, கால், இறக்கை, நகம், நீரா நெருப்பா, எதிரி, பெயர் என்று ஆறு நிரல்களைக் கீறிக்கொள்ளுங்கள். பெயரைக் கடைசி நிரலில் வைத்ததற்குக் காரணம் உண்டு. "டிராகன்" என்ற சொல்லை முதலில் எழுதிவிட்டால், திரைப்படங்களிலும் கணினி விளையாட்டுகளிலும் பார்த்த நெருப்புக் கக்கும் மிருகம் மனத்தில் வந்து உட்கார்ந்துகொள்ளும். அதன் பிறகு படத்தில் உண்மையாகவே இருப்பதைக் கண் பார்க்காது. என் மருமகன் தன் முதற் படத்துக்கு "வாயில் நெருப்பு" என்று எழுதினான். அது பூட்டான் நாட்டுக் கொடி. அந்த வெண்ணிற இடிநாகத்தின் வாயில் நெருப்பும் இல்லை, உடலில் இறக்கையும் இல்லை. நகங்களுக்குள் மணிகளைப் பற்றிக்கொண்டிருக்கிறது.

படி 2: கால்களை எண்ணுங்கள்

கால் எதுவும் இல்லையென்றால் அது பெரும்பாலும் நாகத்தின் வழியில் வந்தது. இந்தியாவிலும் இலங்கையிலும் கம்போடியாவின் அங்கோரிலும் காணப்படும் நாகங்களுக்குத் தலைகள் பெருகும், கால்கள் முளைப்பதில்லை. நான்கு கால்களோடு இறக்கையும் இருந்தால் ஐரோப்பிய உருவமாக இருக்க வாய்ப்பு அதிகம்; 1959ஆம் ஆண்டு அதிகாரபூர்வமாக ஏற்கப்பட்ட வேல்ஸ் கொடியிலுள்ள செந்நிற உருவம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. இரண்டு கால்களும் இரண்டு இறக்கைகளும் மட்டும் இருந்தால், பிரித்தானியக் குலச்சின்ன மரபில் அதனை வைவெர்ன் என்று தனியே அழைப்பார்கள். அந்த வேறுபாட்டைப் பிரித்தானியருக்கு வெளியே யாரும் அவ்வளவு கண்டிப்பாகப் பேணவில்லை என்பதால், இதை வைத்து மட்டும் தீர்ப்புச் சொல்லிவிட வேண்டாம்.

கோயில் வாசலிலும் திருவாசியிலும் காணும் மகரத்தை இந்த அட்டவணையில் சேர்க்கலாமா என்று சிலர் கேட்கக்கூடும். மகரம் முதலையின் வாயும் யானையின் துதிக்கையும் கொண்ட நீர்வாழ் உருவம். பாம்பின் உடல் அதற்கு இல்லை. யாளியும் அப்படியே. இரண்டையும் வேறு கொப்பிக்கு ஒதுக்கி வையுங்கள்.

படி 3: இறக்கை இறகாலானதா, தோலாலானதா?

அவசரப்படாமல் நேரம் செலவிட வேண்டிய படி இதுதான். படத்தைக் கண்ணருகே கொண்டுவந்து, இறக்கையில் இறகுகள் தனித்தனியே வரையப்பட்டுள்ளனவா, அல்லது வௌவாலின் செட்டையைப் போல எலும்புகளுக்கிடையே தோல் விரிக்கப்பட்டுள்ளதா என்று பாருங்கள்.

தோல் இறக்கைக்கு மிகப் பழைய எழுத்துச் சான்று ஒன்றைக் கிரேக்க வரலாற்றாசிரியரான ஹெரடோட்டஸ் கி.மு. 5ஆம் நூற்றாண்டில் தந்திருக்கிறார். அரேபியாவிலிருந்து இளவேனிற் காலத்தில் எகிப்தை நோக்கிப் பறந்து வரும் பாம்புகளைப் பற்றிக் கேள்வியுற்று, அவற்றின் எலும்புகள் குவிந்து கிடந்த இடத்துக்குத் தாமே சென்று பார்த்ததாக எழுதும் அவர், அவை நீர்ப்பாம்பின் வடிவம் உடையவை என்றும் அவற்றின் இறக்கைகளில் இறகு இல்லை, அவை வௌவாலின் செட்டைக்கு ஒப்பானவை என்றும் குறிப்பிடுகிறார். நறும்புகைப் பிசின் தரும் மரங்களை இத்தகைய பாம்புகள் சூழ்ந்து காவல் காத்ததாகவும், வேறொரு பிசினை எரித்த புகையால் அவற்றை விரட்டிய பின்னரே பிசினைச் சேகரித்ததாகவும் அவர் சொல்கிறார். குவியலில் அவர் கண்டவை எதன் எலும்புகள் என்று அறிஞர்கள் இன்றும் வாதிடுகிறார்கள். எனக்குப் பிடித்தது அந்த ஒப்பீடு: பாம்புக்குச் செட்டை உண்டு என்று நம்பிய மனிதர், அது எந்த வகைச் செட்டை என்பதைக் கவனிக்க மறக்கவில்லை.

இறகுக்கு மெக்சிக்கோவுக்குப் போக வேண்டும். அங்கே வணங்கப்பட்ட தெய்வமான கெட்சல்கோவாட்டிலின் பெயர், அந்நாட்டுப் பழைய மொழியான நாவாட்டிலில் இரண்டு சொற்களால் ஆனது. முற்பகுதி நீண்ட பச்சை வாலிறகுகளைக் கொண்ட கெட்சால் பறவையின் அரிய இறகையும், பிற்பகுதி பாம்பையும் குறிக்கும். தியோத்திவாக்கான் நகரில் ஏறக்குறைய 1,800 ஆண்டுகளுக்கு முன் எழுந்த கோயிற் சுவரில், இந்தப் பாம்பின் கற்றலைகள் வரிசையாக வெளியே நீட்டிக்கொண்டிருக்கின்றன. ஒரு தலையை மட்டும் எடுத்துக்கொண்டு பாருங்கள்: பற்கள் தெரியும் வாய், அதன் பின்னே கழுத்தைச் சுற்றி மலரிதழ்கள் போல் விரிந்த இறகுகள். இறக்கை எங்கே என்று தேடினால் அகப்படாது, ஏனென்றால் அங்கே இல்லை. இறகு உண்டு, இறக்கை இல்லை. தொடக்கநிலையினர் அடிக்கடி தவறும் இடம் இது. "இறகுப் பாம்பு" என்று எழுத வேண்டிய இடத்தில் "இறக்கைப் பாம்பு" என்று எழுதிவிடுவார்கள்.

அதே தெய்வத்தை அப்பகுதியின் மற்றொரு பழங்குடியினரான மாயர்கள் குகுல்கான் என்று வழிபட்டார்கள். சிச்சென் இட்சாவில் உள்ள அதன் படிக்கோபுரத்தில் நான்கு பக்கமும் 91 படிகள். உச்சி மேடையையும் ஒரு படியாகச் சேர்த்தால் 365. பகலும் இரவும் சமமாக இருக்கும் மார்ச், செப்டெம்பர் நாட்களில் மாலை வெயில் வடக்குப் படிக்கட்டின் ஓரச் சுவரில் முக்கோண முக்கோணமாக விழுந்து, கீழேயுள்ள கற்பாம்புத் தலையோடு பொருந்தும்போது, ஒரு பாம்பு வானிலிருந்து இறங்கி வருவதாகத் தோன்றும். சிறகே இல்லாமல் வானத்திலிருந்து பாம்பை இறக்கிக் காட்டிய சிற்பிகளின் கெட்டித்தனம் அது.

சீனர் லோங் என்று அழைக்கும், கால்களுள்ள நாகத்துக்குப் பொதுவாக இறக்கை இல்லை. ஆனாலும் அது பறக்கும். மேகம் அதன் பாதை என்பதால் இறக்கை தேவைப்படவில்லை என்று கொள்ளலாம். விதிவிலக்காக யிங்லோங் என்ற இறக்கையுள்ள நாகம் மஞ்சட் பேரரசருக்குப் போரில் துணை நின்றதாகப் பழங்கதை உண்டு.

இவ்விடத்தில் ஒரு சிறு விலகல். கிழவனான நாகம் உடல் குறுகிச் செட்டை முளைத்துப் பறக்கும் என்று என் அம்மம்மா சொல்லுவார். அவர் எதைக் கண்டு சொன்னாரோ, இலங்கைக் காடுகளில் பறக்கும் பாம்பு என்று அழைக்கப்படும் இனங்கள் உண்மையாகவே உண்டு. அவற்றுக்கு இறக்கை இல்லை. விலா எலும்புகளை விரித்து உடலைத் தட்டையாக்கி, மரத்திலிருந்து மரத்துக்குக் காற்றில் சறுக்கிச் செல்கின்றன.

படி 4: நகங்கள்

ஆசிய நாகங்களுக்கு மட்டும் இந்த நிரல் பயன்படும். மிங், சிங் அரசர் காலச் சீனாவில் ஐந்து நகங்கள் பேரரசருக்கு உரியவை. யப்பானிய ஓவியங்களில் பெரும்பாலும் மூன்று நகங்களே இருக்கும்.

படி 5: நீரா, நெருப்பா?

ஐரோப்பிய உருவம் நெருப்பைக் கக்கும், புதையலைக் காக்கும், இறுதியில் ஒரு வீரனின் வாளுக்கோ ஈட்டிக்கோ இரையாகும். சீன நாகம் மழையைத் தரும்; வறட்சியில் மக்கள் அதனிடம் கெஞ்சுவார்கள். 1010ஆம் ஆண்டு வியட்நாமியர் தலைநகராக்கிய இன்றைய ஹனோய்க்கு "எழும் நாகம்" என்று பொருள்படும் பெயரை வைத்ததும் இதே மரபில்தான். கொல்லப்பட வேண்டிய மிருகத்தின் பெயரை எவரும் தலைநகருக்கு வைப்பதில்லை. இருக்கு வேதத்தில் வரும் விருத்திரன் என்ற பெரும்பாம்போ நீரைத் தராமல் அடைத்து வைத்துக்கொள்கிறது. இந்திரன் அதை வச்சிராயுதத்தால் கொன்ற பின்னரே ஆறுகள் ஓடுகின்றன. ஆகவே "நீர்" என்று எழுதினால் போதாது. தருகிறதா, தடுக்கிறதா என்பதையும் அருகிலே குறித்துக்கொள்ளுங்கள். கிணற்றையும் மாரி மழையையும் நம்பித் தோட்டம் செய்யும் யாழ்ப்பாணத்தவருக்கு இந்த வேறுபாட்டை நான் விரித்துச் சொல்ல வேண்டியதில்லை.

படி 6: அதன் எதிரி யார்?

எதிரி மனிதனாக இருந்தால் பெயரை மட்டும் எழுதிவிட்டுப் போகலாம். எதிரி பறவையாக இருந்தால் சற்று நில்லுங்கள்.

குறிகட்டுவானிலிருந்து நயினாதீவுக்கு வள்ளத்தில் போயிருப்பவர்கள் கடலிலுள்ள இரண்டு பாறைகளைப் பற்றிக் கேட்டிருப்பார்கள்: ஒன்று பாம்பு சுற்றிய கல், மற்றது கருடன் கல். புளியந்தீவிலிருந்து அம்மனுக்குச் சாத்துவதற்காகத் தாமரைப் பூவை வாயிற் கவ்விக்கொண்டு நீந்தி வந்த நாகத்தைக் கருடன் மறித்ததாகவும், நாகம் ஒரு பாறையைச் சுற்றிக்கொள்ளக் கருடன் எதிர்ப்பாறையில் காத்திருந்ததாகவும், அவ்வழியே வந்த வணிகன் ஒருவன் நாகத்தை விடும்படி கருடனை வேண்டியதாகவும் கோயில் மரபு கூறுகிறது. அம்மனுக்குக் கோயில் கட்டுவதாக வாக்களித்தால் விடுகிறேன் என்று கருடன் நிபந்தனை வைத்ததாம். அந்த வணிகன் எழுப்பிய கோயிலே நாகபூஷணி அம்மன் கோயில் என்பது ஐதிகம்.

இந்தக் கதையில் சிறகு ஒரு பாறையில் இருக்கிறது. பாம்பு மறு பாறையில் இருக்கிறது. மெக்சிக்கோவில் ஒரே உடலுக்குள் சேர்ந்துவிட்ட இரண்டையும் நம் மரபு பிரித்து வைத்துப் பகையாக்கியிருக்கிறது. பாரதத்தில் அந்தப் பகை கருடனின் தாய் விநதைக்கும் பாம்புகளின் தாய் கத்துருவுக்கும் இடையிலான பந்தயத்தில் தொடங்கி, கருடன் கொண்டுவந்த அமுதம் கைநழுவிப் போக, அது வைக்கப்பட்டிருந்த தருப்பையைப் பாம்புகள் நக்கி நாக்குப் பிளவுபட்டதுவரை நீள்கிறது. பெருமாள் கோயிலில் கருட வாகனத்தைக் கிட்ட நின்று பார்த்தால், கருடன் பாம்புகளையே அணிகலன்களாகப் பூண்டிருப்பதைக் காணலாம். ஹெரடோட்டஸ் சொன்ன பறக்கும் பாம்புகளையும் எல்லையில் எதிர்கொண்டு கொல்வது ஒரு பறவைதான், அரிவாள் மூக்கன். அதனாலேயே எகிப்தியர் அப்பறவையைப் போற்றினர் என்கிறார்.

ஒன்றாய்ச் சேர்த்த நாடு, பிரித்து வைத்த நாடு என்று உலகத்தை இரண்டாகக் கீறிவிட எனக்கும் முதலில் ஆசை வந்தது. ஆனால் இறகுப் பாம்பை வணங்கிய அதே மெக்சிக்கோவின் கொடியில், கள்ளிச்செடி மேல் நின்று பாம்பைக் கவ்வும் கழுகு இருக்கிறது. ஆகையால் இந்த நிரலில் "சேர்ந்தது", "பகைத்தது", "இரண்டும்" என்று மூன்று குறிகளுக்கு இடம் விடுங்கள்.

படி 7: இப்போது பெயர்

டிராகன் என்பதன் மூலமான கிரேக்கச் சொல், உற்று நோக்குதல் என்னும் பொருளுள்ள வினையோடு தொடர்புடையது. பழங் கிரேக்கர் அச்சொல்லால் பெரும்பாலும் பெரிய பாம்பையே குறித்தார்கள். நாமும் பாம்புக்குக் கட்செவி என்று கண்ணை வைத்தே ஒரு பெயர் இட்டிருக்கிறோம். தமிழ் விவிலியத்தில் ஏழு தலையும் பத்துக் கொம்பும் கொண்டு வருவது வலுசர்ப்பம். சீனத்து லோங்கையும் வேல்ஸ் நாட்டுச் செந்நிற உருவத்தையும் மெக்சிக்கோவின் தெய்வத்தையும் ஒரே சொல்லால் அழைத்தது பிற்கால மொழிபெயர்ப்பாளர்களின் வசதி. எனவே முதலில் அந்த நாட்டுப் பெயரை எழுதி, டிராகன் என்பதைத் தேவையானால் பக்கத்தில் சிறிதாக எழுதுங்கள்.

செய்து பார்த்த ஓர் எடுத்துக்காட்டு

வல்வெட்டித்துறைப் பட்டத்தையே இம்முறைப்படி நிரப்பினோம். கால்: நான்கு. இறக்கை: தோல் வகை, வௌவால் மடிப்பு. நகம்: காலுக்கு மூன்று. நெருப்பு: வாயில் ஒட்டிய சிவப்புத் தாள். எதிரி: இல்லை. உடலின் நீளத்தையும் மீசையையும் பார்த்தால் ஆசிய நாகம். இறக்கையையும் நெருப்பையும் பார்த்தால் ஐரோப்பிய உருவம். ஆகவே இது கலப்பு என்று முடிவு செய்து, பட்டம் கட்டிய இளைஞரிடமே போய், நீண்ட சீன நாகத்துக்கு ஏன் இந்த இறக்கையைப் பூட்டினீர்கள் என்று கேட்டேன். நூலைச் சுற்றிக்கொண்டிருந்தவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

"செட்டை இல்லாட்டி உது எழும்பாது, அண்ணை."

வட்டத் தட்டுகளை வரிசையாகக் கோத்து, தலையில் மட்டும் நாகமுகம் வைத்து இறக்கையின்றியே ஏற்றும் பட்டங்கள் சீனாவில் உண்டு என்று அவரிடம் சொன்னேன். தட்டு ஒவ்வொன்றும் தனித்தனியே காற்றுப் பிடிக்கும் என்பதை விளங்கிக்கொண்டவர், அடுத்த பொங்கலுக்குப் பார்க்கலாம் என்றார். இறக்கை என்ற நிரலில் நாங்கள் எழுதியதன் கீழே மருமகன் "எழும்புறதுக்கு" என்று பேனையால் சேர்த்து எழுதியிருந்ததை வீட்டுக்கு வந்த பிறகுதான் கண்டேன், அழிக்காமல் விட்டிருக்கிறேன்.