‘ஒன் வீக்’: ஒரு மௌன நகைச்சுவைக் குறும்படத்தைப் பார்க்கும் முறை

அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனும் எட்வர்ட் கிளைனும் இயக்கி 1920இல் வெளிவந்த ‘ஒன் வீக்’ என்ற இரண்டு ரீல் (இரண்டு படச்சுருள் நீள) படத்தைப் பார்க்க விரும்புவோர், முதலில் படம் சரியான வேகத்தில் ஓடும் பிரதியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அக்காலக் கேமராக்களைக் கையால் சுழற்றியதால் வேகம் ஒரே சீராக இருக்கவில்லை. பெரும்பாலும் மெதுவாகச் சுழற்றிப் பதிவான அப்படங்களை அப்படியே நொடிக்கு 24 சட்டகங்களில் (ஃப்ரேம்களில்) ஓட்டினால் நடிகர்கள் பரபரவென்று துள்ளுவார்கள். நகைச்சுவைக்காக வேண்டுமென்றே சிறிது வேகம் கூட்டுவதும் அன்றைய வழக்கமே என்பதால், எல்லா விரைவையும் பிழையாகக் கருத வேண்டாம்.

கதை எளியது: புதுமணத் தம்பதிக்குப் பரிசாக வரும் வீட்டின் பாகங்கள் உள்ள பெட்டிகளின் எண்களை, அந்த மணப்பெண்ணை மணக்க முடியாமல் போன ஒருவன் மாற்றிவிடுகிறான், வீடு கோணல்மாணலாக எழும்புகிறது.

முதல் முறை சிரித்துவிட்டு, இரண்டாம் முறை இசையை நிறுத்திவிட்டு, கேமரா எங்கே நிற்கிறது என்பதை மட்டும் கவனியுங்கள். விழுபவரின் முழு உடலும் சுற்றியுள்ள இடமும் ஒரே சட்டகத்தில் தெரிவதால்தான் அந்த விழுகை நம்மை ஏமாற்றாத ஒன்றாகிறது.

இறுதியில், வேறு இடத்துக்கு இழுத்துச் செல்லும்போது வீடு தண்டவாளத்தின் மீது சிக்கிக்கொள்ள, பாய்ந்து வரும் ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் கடந்து செல்கிறது; தம்பதி நிம்மதியடைந்த கணத்தில் எதிர்த்திசையிலிருந்து வரும் மற்றொரு ரயில் வீட்டை நொறுக்குகிறது. இக்காட்சியை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால், இரு தண்டவாளங்கள் இருப்பதைக் கேமராக் கோணம் எப்படி மறைத்தது என்பது விளங்கும்.