பிள்ளை படம் வரைஞ்சா பக்கத்துல உட்காருங்க

மேலூர் பக்கம் ஒரு அங்கன்வாடியில் 22 வருஷம் டீச்சராக இருந்தேன். ‘இதுல என்ன இருக்குன்னு பாருங்க டீச்சர்’ என்று படத்தை நீட்டும் தாய்மாரிடம் நான் கேட்பது ஒன்றுதான்: வரையும்போது பிள்ளை என்ன சொல்லுச்சு? பெரும்பாலும் பதில் வராது.

அதனால் முதலில் பக்கத்தில் உட்காருங்கள். ஜவுளிக்கடை மாதக் காலண்டரின் பின்பக்கம் போதும், கை தாராளமாகப் போகும். சிலேட்டு வேண்டாம், அழிந்துவிடும். எதை வரையணும் என்று சொல்லாதீர்கள். ‘இது என்ன?’ என்றும் கேட்காதீர்கள், பரீட்சை ஆகிவிடும். ‘இதைப் பத்திச் சொல்லு கண்ணு’, அவ்வளவுதான். சொன்னதைச் சொன்னபடியே ஓரத்தில் பென்சிலால் எழுதித் தேதி போடுங்கள்.

அழகர் ஆத்தில் இறங்கியதைப் பார்த்துவிட்டு வந்த நாலு வயசுப் பிள்ளை ஒருத்தி, தாள் முழுக்கக் கறுப்பில் நெட்டுக்குத்தாகக் கோடு இழுத்தாள். ஜன்னல் கம்பி மாதிரி இருந்தது. வீட்டில் பூட்டி வைக்கிறார்களோ என்று எனக்குப் பக்கென்றது. அவள் அம்மாவைக் கூப்பிட்டு ஒரு மாதிரியாகப் பேசியும்விட்டேன். பிறகுதான் பிள்ளையிடம் கேட்டேன். ‘காலு டீச்சர். எல்லாம் காலு. அழகரு தெரியவே இல்ல.’ கீழே சிவப்பாக ஒரு புள்ளி. கூட்டத்தில் தொலைந்த செருப்பாம். அந்த அம்மாவிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு ரெண்டு நாள் ஆனது.

மூணு, நாலு வயசில் தலையிலிருந்தே கால் முளைத்த ஆள் வரும். உடம்பைக் காணோமே என்று பதற வேண்டாம், அந்த வயசுக்கு அப்படித்தான். அஞ்சாறு வயசில் அம்மா வயிற்றுக்குள் இருக்கும் பாப்பாவும் வெளியே தெரியும். வீட்டைவிட ஜல்லிக்கட்டுக் காளை பெரிசாக நின்றால், பிள்ளை மனசில் காளைதான் பெரிசு. கறுப்பு என்றால் துக்கம் என்பதையெல்லாம் நான் நம்புவதில்லை. பல நேரம் டப்பாவில் முனை உடையாமல் கிடப்பது அந்தக் கலர்தான்.

ஒற்றைப் படத்தை வைத்து எதையும் முடிவு கட்டாதீர்கள். வாரக்கணக்கில் ஒரே பயம் திரும்பத் திரும்ப வருகிறது, கூடவே தூக்கத்தில் அலறுகிறது, விட்டுப்போன படுக்கை நனைத்தல் மறுபடி தொடங்குகிறது என்றால் டாக்டரிடம் போங்கள். மதுரை அரசு ராஜாஜி ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவு உண்டு. யாரோ அடித்தார்கள், தொட்டார்கள் என்று பிள்ளை சொன்னால் துருவித் துருவிக் கேட்காமல் குழந்தைகள் உதவி எண் 1098க்குப் போன் போடுங்கள், காசு கிடையாது.

சுவரில் கிறுக்கினால்? நானும் திட்டத்தான் செய்வேன். அப்புறம் கையில் கோலமாவைக் கொடுத்து வாசலுக்கு அனுப்பிவிடுவேன்.